மாரப்பன் தெளியணும்

வேண்டாமுங்க தம்பி, மேல வைக்க வேண்டாம். மடியிலேயே இருக்கட்டும். கண்டக்டரும் இப்பத்தான் கோவிச்சுக்கிட்டுப் போனார், பெட்டியை மேல போடுங்க, இல்லைன்னா அதுக்கும் ஒரு டிக்கெட் எடுங்கன்னு. எடுத்துட்டேன். ரெண்டு டிக்கெட். ஒண்ணு மாரப்பனுக்கு, இன்னொண்ணும் மாரப்பனுக்கு.

சிரிக்கறீங்க. கேலிக்குச் சொல்லலீங்க. என் பேரு மாரப்பன். இந்தக் கம்ப்யூட்டர் பெட்டிக்குள்ள இருக்கிறவன் பேரும் மாரப்பன். இருக்கிறவன்னு வாய் சொல்லுது, ஆனா நேத்துக் காலையில இருந்து அவனைக் காணோம். அதுக்குத்தான் கோயமுத்தூருக்குத் தூக்கிட்டுப் போறேன். காந்திபுரத்துல ஒரு கடை இருக்காம். செத்துப்போன கம்ப்யூட்டர்ல இருந்துகூட உள்ளே இருந்ததை உருவி எடுத்துக் குடுத்துருவாங்களாம். சாயந்திரத்துக்குள்ள எடுத்துக் குடுத்தாங்கன்னா நான் பிழைச்சேன். இல்லைன்னா என் பொண்ணு புனேக்குப் போயிருவாள். போனாள்னா வர மாட்டாள்.

என்னடா இந்தக் கிழவன் ஒண்ணுக்கொண்ணு ஒட்டாமப் பேசறானேன்னு பார்க்கறீங்க. உங்க தோள்ல தொங்கறது கம்ப்யூட்டர் பைதானுங்களே? பார்த்தேன், அதான் பக்கத்துல இடம் விட்டு உட்காரச் சொன்னேன். நீங்க இறங்கற அவிநாசி வரைக்கும் கேளுங்க. உங்களை மாதிரி படிச்ச ஆளுக்கு ஏதாச்சும் வழி தெரிஞ்சாலும் தெரியும்.

நான் போர்வெல் போடற வண்டி ஆளுங்க. திருச்செங்கோட்டுல பாதிப் பேருக்கு அதான் பொழப்பு. சத்தீஸ்கர், ஒடிசா, ராஜஸ்தான்னு நான் துளை போடாத சீமை இல்லை. அவ்வளவு கம்ப்ரசர் சத்தத்துக்கு நடுவுலயும், துளை போடற பிட்டு செம்மண்ணுல போகுதா, சுண்ணாம்புல போகுதா, கருங்கல்லுல போகுதான்னு காதுலயே சொல்லிருவேன். படிப்பு மூணாவதோட சரி. இந்தக் காதுதான் எனக்குப் படிப்பு. ஆனா அந்த அதிர்வுல கை போச்சு. பாருங்க, இப்பக்கூட நடுங்குது. காலையில கொஞ்சம் எச்சா இருக்கும். வயித்துல ஏதாச்சும் போனா நின்னுரும்.

பொண்ணு பேரு சுகன்யா. ஒரே பொண்ணு. கோயமுத்தூர்ல கம்ப்யூட்டர் கம்பெனி, அங்கேயே ஹாஸ்டல், லீவு நாள்னா வீட்டுக்கு வந்துருவாள். அவங்கம்மா போனதுக்குப் பொறவு அவளும் நானுந்தான். அவங்கம்மா சாவுக்கு நான் ராய்ப்பூர்ல இருந்து வந்து, முன்னால நின்னு எல்லாம் செஞ்சேன். சுடுகாட்டுல கொஞ்சம் தள்ளாடுச்சு. ரெண்டு நாள் ரயில்ல வந்த அலுப்பு. சனங்க வேற மாதிரி பேசினாங்க. பேசறவங்க பேசட்டும்னு விட்டுட்டேன். சுகன்யா அன்னைக்கு என் கையைப் பிடிச்சுக்கிட்டே நின்னாள். பாசமான புள்ளைங்க.

சாயந்திரம் ஒரு கட்டிங் போடறது உண்டு. மறைக்கறதுக்கு என்ன இருக்கு? போர் வண்டியில இருந்தவன் எவனுக்கு இல்லை. உடம்பு அலுப்புக்குப் போடறது. அதைப் போயிப் பழக்கம்னு சொன்னா எனக்கு ஆகாது. வேண்டாம்னா விட்டுருவேன். எத்தனையோ தடவை விட்டிருக்கேன்.

இப்போ அவளைக் கம்பெனியில ஹைதராபாத்துக்குப் பயிற்சிக்கு அனுப்பினாங்க. முடிச்சு வந்ததும் கோயமுத்தூரா புனேயான்னு அவளே எழுதிக் குடுக்கணுமாம். போறதுக்கு முன்னால என்னை உட்கார வெச்சுச் சொன்னாள். அந்தப் பேச்சை அப்படியே சொல்றேன்.

"அப்பா, சிங்காநல்லூர்ல ரெண்டு ரூம் வீடு பார்த்து வெச்சிருக்கேன். நான் வர்ற வரைக்கும் நீங்க கடைக்குப் போகாம இருந்தீங்கன்னா, ரெண்டு பேரும் அங்க போயிரலாம். முடியலைன்னா சொல்லிருங்க. நான் புனேக்கு எழுதிக் குடுத்துடறேன். என்னால இனிமே வீட்டுக்கு வர்ற ராத்திரியெல்லாம் வாசலைப் பார்த்துக்கிட்டு உட்கார முடியாதுப்பா."

சரி கண்ணு, இதென்ன பெரிய விஷயம்னு சொன்னேன். சாயந்திரம்னா எனக்குக் கால் நிக்காதுன்னு அவளுக்குத் தெரியும். அதுக்காகத்தான் இந்தப் பெட்டியைக் கொண்டாந்து வீட்டுல வெச்சு, இதுல ஒரு விளையாட்டைச் சொல்லிக் குடுத்தாள். அஞ்சு மணி ஆச்சுன்னா இதுல உட்காருங்கப்பா, நேரம் போறதே தெரியாதுன்னு.

அந்த விளையாட்டு உங்களுக்குத் தெரிஞ்சிருக்கும். உலகமே சண்டை போட்டு அழிஞ்சு போச்சு. எங்க பார்த்தாலும் சாம்பல். ஆத்துல ஓடற தண்ணியைக் குடிச்சா உடம்பு அழுகிரும். மிச்சம் இருக்கிற மனுசங்க நாலு பேரு, அதுலயும் மூணு பேரு திருடங்க. அந்த அழிஞ்ச காட்டுக்குள்ள ஒரு ஆள் நல்ல தண்ணி தேடிப் போறான். கடைசியில எங்கயோ ஒரு பாலம், பாலத்துக்கு அந்தப் பக்கம் ஒரு கதவு, கதவுக்குள்ள கிணறு. எனக்குன்னே செஞ்ச மாதிரி இருந்துச்சு.

அந்த ஆளை நம்மளே செஞ்சுக்கலாம். சுகன்யா ஒருத்தனை ரொம்ப நாளா செஞ்சு வெச்சிருந்தாள். நரைச்ச மீசை, ஒட்டின கன்னம், ஏறு நெத்தி, அச்சு அசல் நான். பேரும் மாரப்பன்னே வெச்சுட்டாள். அப்பன் மேல எவ்வளவு பிரியம் இருந்தா அப்படிச் செய்யத் தோணும், சொல்லுங்க.

ஆனா அவனை வெச்சு ஒரு பிடிவாதம் பிடிச்சுக்கிட்டிருந்தாள். அந்த ஊர்ல வழியெல்லாம் மாத்திரை கிடக்கும். நீல மாத்திரை தின்னா குறி தப்பாது. ஊசி ஒண்ணு இருக்கு, போட்டா பத்துப் பேரை அடிக்கலாம். சாராயமும் இருக்கு. எல்லாரும் அதைத் தின்னுதான் சண்டை போடுவாங்க. இவள் மாரப்பனை ஒண்ணுகூடத் தொட விடலை. ஒரு சொட்டு, ஒரு மாத்திரை கிடையாது. அடி வாங்குவான், விழுவான், மறுபடி எந்திரிச்சுப் போவான். அப்படியே பாலம் வரைக்கும் பாதி வழி கொண்டாந்துட்டாள். ஏன் கண்ணு இவ்வளவு கஷ்டப்படறே, ஒண்ணு குடுத்தா சுளுவா முடிஞ்சிருமேன்னு கேட்டேன். அவள் திரும்பிக்கூடப் பார்க்கலை. "அது இல்லாமலும் அவரால முடியும்ப்பா"ன்னாள். சின்னப் புள்ளை புத்தி.

இன்னொண்ணுங்க. கண்ணுல பட்ட மாத்திரையெல்லாம் பொறுக்கிக் கொண்டு போயி, மாரப்பனோட குடிசையில ஒரு இரும்புப் பெட்டி இருக்கு, அதுல போட்டு மூடிருவாள். விக்கவும் மாட்டாள். எதுக்கு இதைச் சேர்த்து வெக்கறேன்னு கேட்டதுக்கு, வெளிய கிடந்தா யாராச்சும் எடுத்துத் தின்னுருவாங்கப்பான்னாள். விளையாட்டுல யாருங்க வந்து தின்னப் போறாங்க? அவங்கம்மாளும் அப்படித்தான். என் பாட்டிலை எடுத்து அரிசி டின்னுக்குள்ள ஒளிச்சு வெச்சுருவாள்.

எனக்குத் தனியா ஒரு ஆள் செஞ்சு குடுத்தாள். மாரப்பனைத் தொடாதீங்க, நான் வந்ததும் ரெண்டு பேரும் உட்கார்ந்து அந்தக் கதவைத் திறக்கலாம்னு சொல்லிட்டு ரயில் ஏறிட்டாள். எந்திரிக்கும்போது மறக்காம சேவ் பட்டனை அமுக்கணும்னு மட்டும் நாலு தடவை சொன்னாள்.

பள்ளிபாளையம் பாலம் வந்துருச்சு. காவேரியில தண்ணியைப் பாருங்க, பாறைதான் தெரியுது.

என்னோட ஆளு ஒரு சவலைங்க. நாய் கடிச்சாச் சாவான். எலி கடிச்சாச் சாவான். நான் எத்தனை நேரந்தான் செத்துச் செத்து விளையாடறது? மாரப்பன் பேரை ஒரு தடவை அமுக்கிப் பார்த்தேன். தம்பி, அவன் மூச்சு விட்டான். சும்மா நிக்கும்போது ஒரு மூச்சுச் சத்தம் வரும். நல்ல பாறையில நேரா இறங்கற பிட்டு மாதிரி, ஒரே சீரா. ஆகா, இவன் ஆம்பளைன்னு நினைச்சேன். இவனைப் பாலத்துக்கிட்ட கொண்டு போயி நிறுத்தி வெச்சா புள்ளைக்கும் வேலை மிச்சம்.

தப்பு எங்க நடந்துச்சுன்னா, பாலத்துக்கிட்டப் போகணும்னா குடிசையைக் காலி பண்ணிக் கேம்ப் மாத்தணும். எங்க வண்டியில கேம்ப் மாத்தறதுன்னா ஒரு வழக்கம் இருக்கு. ஒரு ஊர்ல துளை போட்டு முடிச்சு அடுத்த ஊருக்குக் கிளம்பறோம்னா, மிச்சம் எதுவும் வைக்கக் கூடாது. சோறு, கறி, சரக்கு, எது இருந்தாலும் அங்கேயே உட்கார்ந்து முடிச்சுட்டுத்தான் வண்டி ஏறணும். கொட்டக் கூடாது, கொட்டினா அடுத்த துளையில தண்ணி வராது. தூக்கிட்டும் போகக் கூடாது, பைப் ஏத்தவே வண்டியில இடம் இருக்காது. நான் மேஸ்திரியா இருந்த காலம் பூராவும் அதைத் தப்பினதில்லை.

அதே மாதிரி இரும்புப் பெட்டியைத் திறந்து எல்லாத்தையும் எடுத்துப் பையில போட்டேன். போட்டா மாரப்பனால நகர முடியலை. சுமை கூடிப் போச்சு. மூட்டை தூக்கினவன் மாதிரி குனிஞ்சு குனிஞ்சு நடக்கறான். அப்போ என்ன செய்யறது? உட்கார வெச்சேன். ஒவ்வொண்ணா எடுத்துக் குடுத்தேன். நீலம், ஊசி, சாராயம், எல்லாத்தையும். அவ்வளவு நாளா அவள் பொறுக்கிச் சேர்த்தது பூராவும் ஒரே இருப்புல காலி. பை காத்தாட்டம் ஆயிருச்சு. மாரப்பன் எந்திரிச்சான் பாருங்க, பாலத்துக்கிட்ட இருந்த திருடங்க அத்தனை பேரையும் துவம்சம் பண்ணிட்டான். நான் இங்க கைதட்டறேன்.

அப்போ ஒரு சத்தம் கேட்டுச்சு. பித்தளைச் சொம்பைக் கல்லுல தட்டின மாதிரி, டங்குன்னு. ஓரத்துல சிவப்பா ஒரு படம். இங்கிலீசுல ஏதோ எழுத்து. எனக்கு அந்த எழுத்து தெரியாது, ஆனா அந்தச் சத்தம் நல்ல சத்தம் இல்லைன்னு காது சொல்லிருச்சு. பிட்டு உள்ளே முறியும்போது அப்படித்தான் ஒரு சத்தம் வரும். நல்லபடியா சேவ் பட்டனையும் அமுக்கிட்டு எந்திரிச்சேன். அவள் சொன்ன ஒண்ணையாச்சும் மறக்கலை.

மறுநாள் திறந்தா மாரப்பன் கை நடுங்குது. துப்பாக்கியை நேராப் பிடிக்க முடியலை. மூச்சு இழுக்குது. பஸ் ஸ்டாண்டுக்குப் பக்கத்துல தனபால்னு கம்ப்யூட்டர் ரிப்பேர் பண்றவர், தெரிஞ்ச ஆள்தான். கூட்டியாந்து காட்டினேன். அவர் பார்த்துட்டு என்னை ஒரு மாதிரி பார்த்தார்.

"அண்ணா, இவன் அடிமை ஆயிட்டான். மாத்திரை இல்லாம இருக்க முடியாது இவனால."

பழைய மாரப்பனுக்குத் திரும்பிப் போக முடியாதான்னு கேட்டேன். நீங்கதான் அது மேலேயே சேவ் பண்ணிட்டீங்களேன்னார். இன்னொண்ணும் சொன்னார். இது சுகன்யா அக்கவுண்ட்டுல இருக்கறது, அந்தப் புள்ளை எந்த ஊர்ல எந்தக் கம்ப்யூட்டர்ல திறந்தாலும் இதே மாரப்பன்தான் வருவான், அவள் வர்றதுக்குள்ள தெளிய வெச்சிருங்கண்ணா. அதுக்கு ரெண்டு வழி. ஒண்ணு, அந்த ஊர்ல ஒரு டாக்டர் இருக்கார், அவர் நாற்காலியில உட்கார வெச்சா உடனே தெளிஞ்சிரும். ரெண்டாவது, மாத்திரையே குடுக்காம குடிசைக்குள்ள படுக்க வெச்சுக் காத்திருக்கணும். நாள் ஓட ஓட தானா தெளியும். ஆனா அது வரைக்கும் அவன் படற பாடு பார்க்கச் சகிக்காதுன்னார்.

எதுக்குக் கஷ்டம்னு டாக்டர்கிட்டக் கூட்டிட்டுப் போனேன். தெளிஞ்சிருச்சு. தெளியும்போது ஒரு சத்தம் வருது தம்பி, துளையில மொதல் தண்ணி பாயும்போது வருமே, அந்தச் சத்தம். எனக்குக் கண்ணுல தண்ணி வந்துருச்சு. வெளிய வந்தா வாசல்லயே நாலு திருடங்க. மாத்திரை இல்லாம இவனுக்குக் குறி பார்க்க வராது, என்ன பண்றது? செத்துக் கிடந்தவன் சட்டைப் பையில ஒரே ஒரு நீலம் இருந்துச்சு. இந்தச் சண்டைக்கு மட்டும்னு குடுத்தேன். டங்.

மறுபடி டாக்டர். மறுபடி தெளிஞ்சான். மறுபடி ஒரே ஒண்ணு, இந்தச் சண்டைக்கு மட்டும். அப்படியே போச்சு. அவன்கிட்ட ஒரு குறை இருக்கு தம்பி, தெளிஞ்ச உடனே நமக்குத் தெளிஞ்சிருச்சேன்னு ஒரு தைரியம் வந்துருது. அந்தத் தைரியத்துலதான் எடுக்கறான். எனக்குப் பார்த்தாலே கோவம் கோவமா வரும். ஏன்டா, ஒரு பொம்பளைப் புள்ளை உன்னை நம்பி இவ்வளவு தூரம் கொண்டாந்திருக்காளே, உனக்கு அறிவு வேண்டாமான்னு வாய்விட்டே திட்டியிருக்கேன்.

கடைக்குப் போனேனான்னு நீங்க கேட்கலை. இருந்தாலும் சொல்றேன். போகலை. வாசப்படி தாண்டலை. புள்ளைக்குக் குடுத்த வாக்கு. என் பழைய ஹெல்பர் சித்தையன்தான் சாயந்திரமானா கொண்டாந்து குடுத்துட்டுப் போவான். கடைக்குப் போகக் கூடாதுன்னுதான் அவள் சொன்னாள், நான் போகலை. அதுவும் எதுக்கு? இந்த மவுசு இருக்கே, அது சின்னச் சாமான். என் கை நடுக்கத்துக்கு அது பிடி குடுக்காது. கொஞ்சம் உள்ளே போனாத்தான் கை நிக்கும், கை நின்னாத்தான் மாரப்பனைக் காப்பாத்த முடியும். எல்லாம் அவனுக்காகத்தான்.

பெருந்துறை. பத்து நிமிஷம் நிக்கும்பார் கண்டக்டர். ஒரு டீ சாப்பிட்டு வந்துடறேன். பெட்டி மேல ஒரு கை வெச்சுக்குங்க.

வந்துட்டேனுங்க. டீ நல்லாயில்லை. புதினா மிட்டாய் சாப்பிடறீங்களா? வேண்டாமா. சரி. எங்க விட்டேன்?

ஆங், டாக்டர். அந்த டாக்டரை நான் சுட்டுட்டேன் தம்பி. வேணும்னு இல்லை. ஒரு நாள் காலையில, சித்தையன் கொண்டாந்தது முந்தின நாளே தீர்ந்து போச்சு, கை நிக்கலை. பேசறதுக்கு ஒரு பட்டன், சுடறதுக்கு ஒரு பட்டன். பக்கத்துப் பக்கத்துல இருக்கு. நாற்காலியில உட்கார வைங்கன்னு கேட்க அமுக்கறேன், டப்புன்னு வெடிச்சிருச்சு. அந்த மனுசன் என்னைப் பார்த்துக்கிட்டே விழுந்தார். அப்புறம் அந்த ஊரே துப்பாக்கியைத் தூக்கிட்டு மாரப்பனைத் துரத்துது. குடிசைக்குள்ள ஓடி வந்து கதவைச் சாத்திக்கிட்டான்.

டாக்டர் வழி போச்சு. மிச்சம் இருந்தது காத்திருக்கிற வழிதான். படுக்க வெச்சேன். ஒரு நாள் ஓட வைக்கற பட்டன் இருக்கு, அதை அமுக்கினா அங்க ஒரு நாள் ஓடும். அமுக்கினேன். முனகறான். இன்னொரு தடவை. பல்லைக் கடிக்கற சத்தம் கேட்குது. படம்தான், பொம்மைதான், எனக்குத் தெரியும். ஆனா அந்தச் சத்தத்தை எந்தப் பாவி பதிவு பண்ணி வெச்சானோ, கொல்லுது தம்பி. என் மூஞ்சி வேற. என் மூஞ்சி அங்க சுருண்டு படுத்து வேர்த்துக் கிடக்குது. என்னால ஆகலை. இரும்புப் பெட்டி அடியில ஒண்ணு ஒட்டிக்கிட்டு இருந்துச்சு. எடுத்துக் குடுத்தேன். முனகல் நின்னுச்சு. நானும் துணைக்கு ஒரு மிடறு போட்டுக்கிட்டேன்.

அன்னைக்குச் சுகன்யாகிட்டப் பேசணும் போல இருந்துச்சு. போன் எடுக்கலை. வேலையா இருக்கேன்ப்பா, நாளைக்குப் பேசறேன்னு மட்டும் குரலை அனுப்பியிருந்தாள். அதுக்குப் பொறவு சாயந்திரம் சாயந்திரம் அதே பதில்தான். குரல்ல தூக்கமே இல்லாத ஒரு கரகரப்பு. ரொம்ப வேலை வாங்கறானுங்க போல.

இனிமேதான் அதிசயம். கேளுங்க. அதுக்கு ரெண்டு நாள் கழிச்சுக் காலையில திறக்கறேன், மாரப்பன் எந்திரிச்சு நிக்கறான். சிவப்புப் படம் இல்லை. மூச்சு சீரா ஓடுது, மொத நாள் கேட்டேனே அதே மூச்சு. குடிசையைச் சுத்திப் பார்த்தா ஒரு மாத்திரை இல்லை, பையில தண்ணிப் பாட்டில் மட்டும் அடுக்கியிருக்கு. நான் சாமி கும்பிட்டேன் தம்பி. சில எந்திரம் அப்படித்தான், ஆற விட்டா தானா சரியாயிரும். எங்க கம்ப்ரசர் ஒண்ணு அப்படி இருந்துச்சு.

அந்தச் சந்தோஷத்துல சித்தையனை வரச் சொன்னேன். சாயந்திரம் மாரப்பனைக் கூட்டிட்டுப் பாலத்துக்குப் போனேன். மறுபடி திருடங்க. மறுபடி ஒரே ஒண்ணு. ஏன் தம்பி தலையில அடிச்சுக்கறீங்க? நானும் அப்படித்தான் அடிச்சுக்கிட்டேன்.

இன்னொரு வாரம் போயிருக்கும். ரெண்டாவது தடவையும் அதே அதிசயம். காலையில திறந்தா தெளிஞ்சு நிக்கறான். இந்தத் தடவை குடிசைக்குள்ள யாரோ கூட்டி வெச்ச மாதிரி இருந்துச்சு. மேசை மேல ஒரு தட்டு, அதைக் கவுத்து மூடி இன்னொரு தட்டு, பக்கத்துல ஒரு டம்ளர். எதிர்ல ஒரு நாற்காலி. அந்த விளையாட்டுல சாமான்களை எடுத்து வைக்கலாம், ஆனா அது எவ்வளவு கஷ்டம் தெரியுங்களா, ஒரு டம்ளரை நேரா நிறுத்த முடியாது, உருண்டு உருண்டு போகும். என்ன அழகா செஞ்சிருக்கான் இந்த விளையாட்டைன்னு நினைச்சேன். எங்க வீட்டுல சோத்தை அப்படித்தான் மூடி வெப்போம்.

அன்னைக்கு நான் முடிவே பண்ணிட்டேன். மாரப்பனை வெளிய விடக் கூடாது, அவள் வர்ற வரைக்கும் இந்த மேசைகிட்டயே உட்கார்ந்திருக்கட்டும். உட்கார வெச்சேன். நானும் இங்க உட்கார்ந்திருந்தேன். சாயந்திரம் ஆச்சு. சித்தையன் வந்தான். சும்மா உட்கார்ந்திருக்கறது எவ்வளவு நேரந்தான் முடியும் தம்பி? கதவைத் திறந்து எட்டிப் பார்க்கலாம்னு போனான். அவ்வளவுதான். எட்டிப் பார்க்கத்தான் போனான். டங்.

சேவ் பட்டனை அமுக்கிட்டுப் படுத்துட்டேன். அதுதான் முந்தா நாள். நேத்துத் திறந்தா, மாரப்பன் பேரு இருந்த இடம் வெறுமையா இருக்கு. என்னோட சவலை மட்டும் நிக்கறான். தேடாத இடம் இல்லை. தனபாலைக் கூட்டியாந்தேன். அவர் கொஞ்ச நேரம் எதையோ தட்டிப் பார்த்தார். வைரசான்னு கேட்டா இல்லைங்கறார். பெட்டி கெட்டுப் போச்சான்னு கேட்டா இல்லைங்கறார். சுகன்யாகிட்டப் பேசுங்கண்ணான்னு சொல்லிட்டு எந்திரிச்சுப் போயிட்டார், டீ குடிக்கக்கூட இல்லை. அவருக்குத் தொழில் அவ்வளவா தெரியாதுங்க.

இன்னைக்குச் சாயந்திரம் அவள் ஹாஸ்டலுக்கு வந்துருவாள். நாளைக்குக் காலையில ஆபீசுல எழுதிக் குடுக்கணும். அதுக்குள்ள மாரப்பனை எடுத்துத் தெளிய வெச்சு, இந்தா கண்ணு, நீ வெச்சுட்டுப் போன மாதிரியே இருக்கான்னு காட்டிட்டா போதும். உங்களுக்குத் தெரிஞ்சா சொல்லுங்க, அந்தக் கடைக்காரங்க எடுத்துருவாங்கதானே?

என்னங்க தம்பி, பெட்டியையே பார்க்கறீங்க?

சொல்லுங்க. என்னன்னாலும் சொல்லுங்க.

இல்லீங்க. ஹைதராபாத்துல இருந்துக்கிட்டு அவள் எங்க திறந்தாள்? அவளுக்குத்தான் நேரமே இல்லையே. போனே எடுக்க நேரம் இல்லை.

எந்திரம் தானா தெளிய வைக்காதா? நல்லாத் தெரியுங்களா உங்களுக்கு? யாராச்சும் உட்கார்ந்து அமுக்கினாத்தான் நாள் ஓடுமா? ஒவ்வொரு நாளா?

அப்போ அந்த முனகல் எல்லாம். அவளா கேட்டுக்கிட்டிருந்தாள்?

ரெண்டு தடவையும்?

தட்டு.

கொஞ்சம் இருங்க தம்பி. ஜன்னலைத் திறந்து விடுங்க.

அவங்கம்மா இருந்தப்போ நான் எத்தனை மணிக்கு வந்தாலும் சோறு மூடியிருக்கும். அவள் போனதுக்குப் பொறவு இந்தப் புள்ளை வெச்சாள். பள்ளிக்கூடம் போற வயசுலயே வெச்சாள். எதிர்ல நாற்காலி போட்டு உட்கார்ந்தபடியே தூங்கியிருப்பாள். நான் அதை எழுப்பாம ஓரமா நடந்து போயிப் படுத்துக்குவேன். சாப்பிட்டதில்லை. பசிக்காது அப்போ.

அழிச்சதும் அவள்தானா.

சரி. நீங்க சொன்னா சரியாத்தான் இருக்கும். ஒண்ணு சொல்லுங்க. அழிச்சதைத் திரும்பக் கொண்டு வர முடியாதா? இந்தப் பெட்டியில இல்லையா, இது சும்மா வெறும் பெட்டியா? அப்போ காந்திபுரத்துக்குப் போயிப் பிரயோசனம் இல்லை.

அவள்கிட்ட வேற காப்பி இருக்குமா? இருக்கலாமா? அவள் வெச்சிருப்பாள் தம்பி. எதையும் தூக்கிப் போடற புள்ளை இல்லை அது. அவங்கம்மா செருப்பைக்கூட இன்னும் வெச்சிருக்கு. நான் நேரா ஹாஸ்டலுக்கே போயிடறேன். வாசல்ல நின்னு கேட்கறேன். கண்ணு, நீ ரெண்டு தடவை உட்கார்ந்தேன்னு எனக்குத் தெரியாது, இன்னும் ஒரே ஒரு தடவை குடு, அவனை நான் தொடவே மாட்டேன், நீயே வெச்சுக்க, நான் எதிர்ல உட்கார்ந்து பார்த்துக்கிட்டு மட்டும் இருக்கேன்னு சொல்றேன். மனசு இளகும். சின்னதுல என் கையைப் பிடிச்சுக்கிட்டு நின்ன புள்ளை. நேரா நின்னு, தெளிவா நாலு வார்த்தை சொன்னாப் போதும். அதுக்குத் தேவை அவ்வளவுதான். நேரா நிக்கணும்.

அவிநாசி வந்துருச்சா? நீங்க இங்க இறங்கணுமே. பஸ் கொஞ்ச நேரம் நிக்குமுங்களே. ஒரு உதவி பண்ணுங்க. கண்டக்டர் ஏறுற வரைக்கும் இந்தப் பெட்டியைப் பிடிச்சுக்குங்க. வெறும் பெட்டின்னு நீங்க சொன்னீங்க, இருந்தாலும் பிடிச்சுக்குங்க.

கையைப் பாருங்க, எப்படி உதறுதுன்னு. இந்தக் கையோட போயி அவ முன்னால நிக்க முடியாது தம்பி. பார்த்ததும் கண்டுபிடிச்சிருவாள். உதறல் நின்னுருச்சுன்னா நல்லாப் பேசிருவேன். கடை அந்தப் பக்கம்தான் இருக்கு, ரோட்டைத் தாண்டினா வந்துரும். ஒரே ஒரு மிடறு. இன்னைக்கு மட்டும், இதுக்கு மட்டும்.

என்னை அப்படிப் பார்க்காதீங்க. வந்துருவேன். வண்டி கிளம்பினா, மாரப்பன் இன்னும் ஏறலைன்னு கண்டக்டர்கிட்டச் சொல்லுங்க.